நடிகர், இயக்குநர், எழுத்தாளர்: ஃபெர்னாந்தோ ஃபெர்னான் கோமெஸ் மூன்றையும் ஒரே தொழிலாகச் செய்த விதம்

ஸ்பெயினின் சிற்றூர் ஒன்றில் படப்பிடிப்பு நடக்கிறது. ஊர் ஊராகப் போய் நாடகம் போட்டுப் பிழைக்கும் கம்பெனியின் மூத்த நடிகர் தோன் ஆர்த்துரோ கல்வானுக்கு ஒரு சிறு வேடம் கிடைத்திருக்கிறது. அவர் சொல்ல வேண்டியது 'செஞோரித்தோ' என்ற ஒரே சொல். வேலைக்காரர்கள் சின்ன எஜமானைக் கூப்பிடும் சொல் அது. கொட்டகையின் கடைசி வரிசைக்கும் கேட்கும்படி, கையை வீசி, குரலை உருட்டி அதைச் சொல்கிறார் கிழவர். 'இயல்பாகச் சொல்லுங்கள்' என்கிறார் இயக்குநர். மறுபடியும் அதே உருட்டல்தான் வருகிறது. எத்தனை முறை எடுத்தாலும் அவருக்கு வேறு மாதிரி சொல்ல வரவில்லை. ஆயுள் முழுக்கக் கற்ற வித்தை, காமிரா முன்னால் ஊனமாகத் தெரிகிறது. கடைசியில் வேடம் பறிபோகிறது.

இது 1986-ல் வந்த 'எல் வியாஹே ஆ நிங்குனா பார்தே' (எங்கும் போகாத பயணம்) படத்தில் வரும் காட்சி. அந்தக் கதையை எழுதியவர், திரைக்கதை அமைத்தவர், இயக்கியவர், தோன் ஆர்த்துரோவாக நடித்தவர் எல்லாம் ஒருவரே. அவர் ஃபெர்னாந்தோ ஃபெர்னான் கோமெஸ் (1921–2007). மோசமான நடிப்பை இவ்வளவு துல்லியமாக நடித்துக் காட்ட, நல்ல நடிப்பு எங்கே முடிந்து கெட்ட நடிப்பு எங்கே தொடங்குகிறது என்று தெரிந்திருக்க வேண்டும். அதை எழுத்தில் கொண்டுவர, அந்தக் கிழவரின் அவமானம் எதனால் ஆனது என்று தெரிந்திருக்க வேண்டும். ஏறத்தாழ 200 படங்களில் நடித்தார், 25-க்கு மேல் இயக்கினார். நாவல், நாடகம், கட்டுரை, நினைவுக் குறிப்பு என்று எழுதினார். ஸ்பானிய மொழியின் அரச கலைக்கழகத்தில் இருக்கையும் பெற்றார். 'பன்முகக் கலைஞர்' என்று சொல்லி நகர்ந்துவிடுவது எளிது. ஆனால் அவர் கைவைத்த துறைகள் எல்லாம் ஒரே இடத்தில், நாடகக்காரனின் பிழைப்பில், வேர்விட்டவை. அவருடைய படங்களும் நூல்களும் அந்தப் பிழைப்பின் கணக்குவழக்கோடு சேர்த்துப் பார்த்தால்தான் புரியும்.

மேடைக்குப் பின்னால் பிறந்தவர்

தாய் கரோலா ஃபெர்னான் கோமெஸ் நடிகை. அவருடைய கம்பெனி தென் அமெரிக்காவில் சுற்றிக்கொண்டிருந்தபோது, 1921 ஆகஸ்ட் 28 அன்று பெருவின் தலைநகர் லிமாவில் குழந்தை பிறந்தது. பிறப்பைப் பதிந்தது பின்னர் போய்ச் சேர்ந்த புவெனஸ் ஐரஸில். அதனால் சட்டப்படி அவர் அர்ஜென்டினக் குடிமகன். ஸ்பானியக் குடியுரிமை கிடைத்தது 1984-ல்தான். ஸ்பெயினின் மக்கள் முகமாக 40 ஆண்டுகள் திரையில் இருந்தவர் அதுவரை காகிதத்தில் அயல்நாட்டுக்காரர். தந்தை, அந்நாளின் மிகப் பெரிய நாடக நடிகை மரியா கெர்ரேரோவின் மகன். பிள்ளையை அந்தக் குடும்பம் ஏற்கவில்லை. தாய் நாடகத்தோடு ஊர் சுற்ற, மாட்ரிட்டில் பாட்டியிடம் வளர்ந்தார்.

1936 கோடையில் உள்நாட்டுப் போர் வெடித்தபோது அவருக்கு 15 வயது நிரம்பவில்லை. முற்றுகையிடப்பட்ட மாட்ரிட்டில், அராஜகவாதத் தொழிற்சங்கமான சி.என்.டி. நடத்திய நடிப்புப் பள்ளியில் பயின்றார். 1938-ல் தொழில்முறை மேடையில் ஏறினார். அந்த அரசியல் சாய்வை அவர் கடைசிவரை கைவிடவில்லை. ஆனால் போரில் ஃபிராங்கோவின் படை வென்று சர்வாதிகார ஆட்சி அமைத்த பிறகு அதை வெளியே சொல்லி ஸ்பெயினில் நடிகனாகப் பிழைத்திருக்க முடியாது. இந்த இரட்டை நிலை அவருடைய வேடங்களைப் புரிந்துகொள்ள ஒரு திறவுகோல். வெற்றி பெற்றவர்களின் படங்களில் அவர்களுடைய நாயகனாக நடித்தவர், தோற்றவர்களின் பள்ளியில் படித்தவர்.

நகைச்சுவை நாடகாசிரியர் என்ரிக்கே ஹார்தியேல் பொன்செலாதான் அவரை முதலில் கண்டுகொண்டவர். செம்பட்டை முடி, நெட்டையான உடல், பெரிய மூக்கு. காதல் நாயகனுக்கு ஒத்துவராத இந்த உருவத்தையே ஹார்தியேல் பயன்படுத்தினார். 1941-ல் மேடையேறிய அவருடைய நாடகத்தில் இந்த இளைஞனுக்குக் கிடைத்த வேடத்தின் பெயரே 'செம்பட்டைத் தலையன்'. ஹார்தியேலின் நகைச்சுவையில் அபத்தமான பேச்சை முகத்தில் சிரிப்பின் சாயலே இல்லாமல், முழு நம்பிக்கையோடு பேச வேண்டும். ஃபெர்னான் கோமெஸ் பின்னாளில் எந்த வேடத்தில் வந்தாலும் இந்த அடித்தளம் தெரியும். அழுகைக் காட்சியில்கூட அவர் அழுத்திச் சொல்வதில்லை. பார்ப்பவர் தானாகக் கண்டுபிடிக்க இடம் விட்டு நகர்ந்துவிடுவார்.

வெற்றியின் விலை

1943-ல் 'கிறிஸ்தினா குஸ்மான்' வழியாகத் திரைக்கு வந்தார். 1940-களில் அவர் செய்த வேடங்கள் நாயகனின் தோழன், கூச்சப்படும் காதலன், வாய்ப்பை நழுவவிடும் அப்பாவி என்ற வட்டத்துக்குள் அடங்கும். எட்கர் நெவில், சாயென்ஸ் தே எரேதியா போன்ற கைதேர்ந்த இயக்குநர்களிடம் வேலை பார்த்ததுதான் அந்த ஆண்டுகளின் உண்மையான ஆதாயம். காமிரா எங்கே இருக்கிறது, அது எவ்வளவு எடுக்கிறது, அதற்கு எவ்வளவு போதும் என்பதை அங்கேதான் கற்றார்.

இரண்டு பெருவெற்றிகள் அவரை நட்சத்திரமாக்கின. கடற்படை மாணவர்களைப் பற்றிய 'போத்தோன் தே ஆங்க்லா' (1948) ஒன்று. 'பாலர்ராசா' (1951) இன்னொன்று. சூதும் குடியுமாக இருந்த படைவீரன் ஒருவன் மனம் மாறிப் பாதிரியாராகும் கதை அது. அரசுக்கும் திருச்சபைக்கும் மிகவும் பிடித்த வகைப் படம். அவர் நம்பாத கொள்கைக்காக நடித்தார் என்று இதை ஒதுக்கிவிட முடியாது. மனமாற்றத்துக்கு முந்தைய பகுதியை அவர் எவ்வளவு உயிரோட்டமாகச் செய்திருக்கிறார் என்று பாருங்கள். பாவியை அவர் வெறுக்கவில்லை. படம் அவனைத் திருத்த விரும்புகிறது, நடிகர் அவனை நேசிக்கிறார். இந்த உரசல்தான் இன்றும் படத்தைப் பார்க்க வைக்கிறது.

சம்பாதித்த பணம் எங்கே போனது என்பது முக்கியம். மாட்ரிட்டின் இலக்கியக்காரர்கள் கூடும் ஹிஹோன் காப்பிக்கடையின் அன்றாட வாடிக்கையாளர் அவர். 1949-ல் தன் சொந்தக் காசில் குறுநாவலுக்கு ஒரு பரிசை அங்கே தொடங்கினார். 'கஃபே ஹிஹோன் பரிசு' என்ற பெயரில் அது அவர் காலத்துக்குப் பின்னும் தொடர்ந்தது. திரை நட்சத்திரம் ஒருவர் எழுத்தாளர்களின் மேசையில் போய் உட்கார்ந்து, அவர்கள் பேச்சைக் கேட்டு, அவர்களுக்குப் பரிசு வைத்துக்கொண்டிருந்தார். அவருடைய எழுத்து அந்த மேசையில்தான் பழகியது.

அதே நேரத்தில் வேறொரு திரைப்படமும் பிறந்துகொண்டிருந்தது. பார்தெம், பெர்லாங்கா என்ற இரண்டு இளைஞர்கள் சேர்ந்து இயக்கிய முதல் படம் 'எசா பரேஹா ஃபெலிஸ்' (அந்த மகிழ்ச்சியான ஜோடி). 1951-ல் எடுத்தது, 1953-ல்தான் திரைக்கு வந்தது. சோப்பு நிறுவனத்தின் போட்டியில் வென்று ஒரு நாள் முழுக்க 'மகிழ்ச்சியான ஜோடி'யாக ஊர்வலம் வரும் ஏழைத் தம்பதி. ஃபெர்னான் கோமெஸ் கணவன். அடுத்து, வீடிழக்கும் குடும்பத்தைப் பற்றிய 'எல் இங்கிலீனோ' (குடித்தனக்காரர், 1957). வீட்டுவசதி அமைச்சகத்துக்கு ஆத்திரம் வந்தது, படம் நிறுத்தப்பட்டது. பின்னர் முடிவை மாற்றி, குடும்பத்துக்கு வீடு கிடைப்பதுபோல எடுத்து வெளியிட்டார்கள். இதைப் பார்க்க நினைப்பவர்கள் கவனிக்க வேண்டிய செய்தி இது. கையில் கிடைக்கும் பிரதி மூல முடிவு கொண்டதா, மாற்றிய முடிவு கொண்டதா என்று தெரியாமல் பார்த்தால், இயக்குநர் நியேவெஸ் கொந்தேயின் படத்தைப் பற்றித் தவறான முடிவுக்கு வந்துவிடுவோம்.

தணிக்கை எப்படி வேலை செய்தது

ஃபிராங்கோ காலத் தணிக்கை என்றால் கத்தரிக்கோல்தான் நினைவுக்கு வரும். ஃபெர்னான் கோமெஸின் இயக்குநர் வாழ்க்கையைச் சாய்த்தது கத்தரிக்கோல் மட்டும் இல்லை. முதலில் திரைக்கதையை அனுப்பி அனுமதி வாங்க வேண்டும். படம் முடிந்த பிறகு குழு ஒன்று பார்த்து, வெட்ட வேண்டியதைச் சொல்லும். அதோடு தரவரிசையும் போடும். அங்கேதான் சூட்சுமம். 1950-களில் அரசு மானியம் அந்தத் தரத்தைப் பொறுத்தது. 'தேசிய நலனுக்குரியது' என்ற முதல் தரம் கிடைத்தால் மதிப்பிட்ட செலவில் பாதிவரை திரும்பி வரும். தரம் இறங்க இறங்கத் தொகையும் இறங்கும். அடிமட்டத் தரத்துக்கு ஒன்றும் கிடையாது. ஆகவே ஒரு படத்தைத் தடை செய்யத் தேவையே இல்லை. அனுமதி கொடுத்துவிட்டுத் தரத்தைத் தாழ்த்தினால் போதும். தயாரிப்பாளர் கடனில் மூழ்குவார், விநியோகஸ்தர் தொட மாட்டார், படம் பெட்டிக்குள் தூங்கும். தடை என்ற சொல் எந்த ஆவணத்திலும் இருக்காது.

இந்த அமைப்புக்குள் அவர் 1953-ல் 'மனிகோமியோ' (பைத்தியக்கார விடுதி) என்ற கூட்டு இயக்கத்தோடு நுழைந்தார். இயக்குநராக அவர் காலூன்றியது 'லா வீதா போர் தெலாந்தே' (வாழ்க்கை முன்னே கிடக்கிறது, 1958) படத்தில். சட்டம் படித்தவன், மருத்துவம் படித்தவள், புதுமணத் தம்பதி. வேலை இல்லை, வாங்கிய அடுக்குமாடி வீடு ஓட்டை. கணவனாக அவரே நடிக்க, மனைவியாக அர்ஜென்டின நடிகை அனாலியா கதே நடித்தார். பாத்திரங்கள் காமிராவைப் பார்த்துப் பேசுகின்றன, கதையை நிறுத்தி விளக்குகின்றன. ஒரு விபத்தை நேரில் கண்ட சாட்சியாகப் பெப்பே இஸ்பெர்த் வருகிறார். அவருக்குத் திக்குவாய். அவர் சொல்லச் சொல்ல நாம் பார்க்கும் காட்சியும் திக்குகிறது. வாகனம் கொஞ்சம் நகர்ந்து, பின்னால் போய், மறுபடி நகர்கிறது. சாட்சியின் நாக்கு எங்கே சிக்குகிறதோ அங்கே படமும் சிக்குகிறது. பேச்சுதான் படத்தை உருவாக்குகிறது என்ற கருத்தை ஒரு விளக்கச் சொல்கூட இல்லாமல் காட்டிய இடம் இது. மக்கள் சிரித்தார்கள், வசூலும் வந்தது. மறு ஆண்டே 'லா வீதா அல்ரெதெதோர்' என்ற தொடர்ச்சியையும் எடுத்தார். 1961-ல் மேடை நகைச்சுவையான 'தோன் மெந்தோவின் பழிவாங்கல்' படமாகி ஓடியது.

இந்த வெற்றிகளில் சேர்த்த நம்பிக்கையை அவர் இரண்டு படங்களில் செலவழித்தார். இரண்டுமே புதைக்கப்பட்டன.

முதலாவது 'எல் முந்தோ சிகே' (உலகம் தொடர்ந்து நடக்கிறது, 1963). சுன்சுநேகியின் நாவலைத் தழுவியது. மாட்ரிட்டின் நெரிசலான குடியிருப்பில் ஒரு குடும்பம். இரண்டு சகோதரிகள் ஒருவரையொருவர் வெறுக்கிறார்கள். எலோயிசா (லினா கனலேஹாஸ்) ஒருகாலத்தில் வட்டாரத்தின் அழகி. இப்போது வறுமையில் பிள்ளைகளோடு தவிக்கிறாள், ஆனாலும் உடலை விற்க மறுக்கிறாள். லூயிசா (ஹெம்மா குயெர்வோ) பணக்கார ஆண்களைப் படிக்கட்டாக்கி மேலே போகிறாள். எலோயிசாவின் கணவன் ஃபவுஸ்தீனோவாக ஃபெர்னான் கோமெஸ். கால்பந்து முடிவுகளைச் சரியாகக் கணித்தால் பரிசு தரும் 'கினியேலா' சீட்டில் பைத்தியமாகி, வேலை பார்க்கும் இடத்தில் பணத்தைக் கையாடிச் சிறைக்குப் போகும் மனிதன்.

படம் தாங்க முடியாத அளவுக்குக் கடுமையானது. தொடக்கத்திலேயே வயதான தாய் பைகளைச் சுமந்து மாடிப்படி ஏறுகிறாள், ஒவ்வொரு தளமாக. அந்தப் படிக்கட்டு படம் முழுக்கத் திரும்பத் திரும்ப வருகிறது. ஏறுவது, இறங்குவது, படியில் நின்று கத்துவது, அண்டை வீட்டார் கதவு திறந்து பார்ப்பது. மானத்தோடு இருந்தவள் அழிகிறாள், விலை பேசியவள் காரில் வருகிறாள். முடிவில் எலோயிசா மாடியிலிருந்து குதித்து விழுவது தங்கையின் காரின் மேல்தான். நல்லவர்களுக்கு நன்மை நடக்கும் என்று போதித்த ஆட்சியில் இதைவிடப் பெரிய குற்றம் இருக்க முடியாது. படத்தில் அரசியல் பேச்சு ஒரு வரிகூட இல்லை என்பதுதான் அதன் கூர்மை. தாழ்ந்த தரம் போட்டார்கள். மாட்ரிட்டில் முறையான வெளியீடு நடக்கவில்லை. 1965-ல் பில்பாவோவில் இரட்டைக் காட்சியில் ஒரு படமாக ஓட்டினார்கள், அவ்வளவுதான். புதுப்பித்த பிரதி ஸ்பெயின் திரையரங்குகளுக்கு வந்தது 2015 ஜூலையில். இயக்குநர் இறந்து எட்டாவது ஆண்டு அது.

இரண்டாவது 'எல் எக்ஸ்த்ராஞோ வியாஹே' (விசித்திரப் பயணம், 1964). மசர்ரோன் என்ற கடலோர ஊரில் 1956-ல் நடந்த ஒரு மர்மச் சாவு வழக்கை வைத்துப் பெர்லாங்கா சொன்ன யோசனை. திரைக்கதை பெத்ரோ பெல்த்ரான். ஊரின் பெயரைத் தலைப்பில் வைக்கத் தணிக்கை விடவில்லை. சிற்றூரில் மூடிய வீட்டுக்குள் மூன்று சகோதர சகோதரிகள். அதிகாரம் செய்யும் மூத்தவளும், அவளுக்கு நடுங்கும் முதிர்ந்த இருவரும். வார இறுதியில் நடனத்துக்கு வாசிக்க வரும் இசைக்குழுவின் அழகன். உள்ளாடைக் கடை, ஊர் வம்பு, ஒரு பிணம். திகிலும் நகைச்சுவையும் கலந்த இந்தப் படத்தில் அவர் நடிக்கவே இல்லை. இயக்கத்தில் அவருடைய உச்சம் இதுதான் என்பது எங்கள் கருத்து. இதுவும் ஆண்டுக்கணக்கில் முடங்கி, பின்னர் புறநகர்க் கொட்டகையில் இரட்டைக் காட்சியில் வந்தது. விமர்சகர்கள் கண்டெடுத்த பிறகுதான் பெயர் பெற்றது.

தவறு எங்கே நடந்தது என்று பார்த்தால், காலக்கணிப்பில் ஒரு கொடுமை தெரியும். 1962-க்குப் பிறகு திரைத்துறைத் தலைமை கொஞ்சம் தளர்ந்தது, 'புதிய ஸ்பானியத் திரைப்படம்' என்ற பெயரில் திரைப்படப் பள்ளியில் படித்த இளைஞர்களை ஊக்குவித்தது. ஃபெர்னான் கோமெஸ் பள்ளி மாணவர் இல்லை, 40 வயதைத் தாண்டிய வணிக நகைச்சுவை நடிகர். பழைய ஆட்களுக்கு அவர் மிகவும் கடுமை, புதிய ஆட்களுக்கு அவர் மிகவும் பழையவர். அடுத்த சில ஆண்டுகள் மேடை நாடகங்களைப் படமாக்கிக் கொடுத்தார். அவற்றில் கைநேர்த்தி உண்டு, அவசரமாகக் கடந்துவிடலாம்.

இரண்டாம் பிறப்பு

1973-ல் ஐம்பதைக் கடந்த முகத்தைப் புதிய இயக்குநர்கள் வேறு கண்ணால் பார்த்தார்கள். விக்தோர் எரிசேயின் 'எல் எஸ்பீரிது தே லா கொல்மேனா' (தேன்கூட்டின் ஆவி) போர் முடிந்த 1940-ல் காஸ்தில்யச் சமவெளிக் கிராமமொன்றில் நடக்கிறது. அவர் தேனீ வளர்க்கும் தந்தை. குழந்தை ஆனா தொரெந்த் குழம்பாமல் இருக்க எல்லாப் பாத்திரங்களுக்கும் நடிகர்களின் பெயரையே வைத்தார்கள். அவர் பெயர் படத்திலும் ஃபெர்னாந்தோ. மிகக் குறைந்த பேச்சு. தேனீக்கூண்டைப் பற்றி எழுதுகிறார், எழுதியதை அடித்துவிடுகிறார், காபி காய்ச்சுகிறார், மகள்களோடு காளான் பொறுக்குகிறார். போரில் என்ன நடந்தது, எதை இழந்தார் என்று ஒரு வரி விளக்கமும் இல்லை. நகைச்சுவை நடிகருக்கு வாய்த்த இந்த மௌன வேடத்தில் அவர் செய்வது, கைகளுக்கு வேலை கொடுத்து முகத்தை ஓய்வாக விடுவது. புதிதாக நடிக்க வருபவர்கள் இந்தப் படத்தில் அவருடைய கைகளை மட்டும் தனியாக ஒரு முறை பார்க்கலாம்.

அதே ஆண்டு கார்லோஸ் சௌராவின் 'ஆனா இ லோஸ் லோபோஸ்' (ஆனாவும் ஓநாய்களும்). மூன்று சகோதரர்களில் ஒருவர் படைச்சீருடைப் பித்து, ஒருவர் காமப் பித்து, இவர் துறவிப் பித்துப் பிடித்துக் குகையில் உட்கார்கிறார். 'பாலர்ராசா'வில் கேலியின்றி நடித்த புனிதத்தின் நோய்ப்பட்ட மறுபக்கம் இது. இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால் ஸ்பெயினின் இருபது ஆண்டுகள் ஒரே நடிகரின் முகத்தில் நகர்வது தெரியும்.

பெர்லின் விழாவில் இரண்டு முறை சிறந்த நடிகருக்கான வெள்ளிக் கரடி கிடைத்தது. 1977-ல் 'எல் அனகொரேத்தா' படத்துக்கு. பல ஆண்டுகளாகக் குளியலறையை விட்டு வெளியே வராமல், ஆஸ்பிரின் குப்பியில் செய்தி எழுதிக் கழிப்பறை வழியாக உலகுக்கு அனுப்பும் மனிதர். திரைக்கதையில் ரஃபாயெல் அஸ்கோனா பங்கு கொண்டார். இயக்கியவர், 'எல் முந்தோ சிகே'யைத் தயாரித்த ஹுவான் எஸ்தெல்ரிச். 1985-ல் ஹைமே தே அர்மிஞானின் 'ஸ்திக்கோ'வுக்கு. ஓய்வுபெற்ற ரோமானியச் சட்டப் பேராசிரியர் ஒருவர், சாப்பாட்டுக்கும் தங்குமிடத்துக்கும் ஈடாகத் தன் பழைய மாணவனுக்கு அடிமையாக இருக்க முன்வருகிறார். இரண்டுமே ஹார்தியேலின் மேடையில் கற்ற பாடம். கதையின் அபத்தத்தை நடிகர் ஒரு கணமும் சந்தேகிப்பதில்லை.

தொலைக்காட்சியையும் அவர் கீழ்த்தொழிலாக எண்ணவில்லை. 1974-ல் 13 பகுதிகளாக வந்த 'எல் பிக்கரோ'வை எழுதி, இயக்கி, நாயகனாகவும் நடித்தார். பதினாறு, பதினேழாம் நூற்றாண்டுகளின் ஸ்பானியப் போக்கிரி இலக்கியம்தான் அதன் மூலம். பசியோடு எஜமான் விட்டு எஜமான் மாறும் போக்கிரி, நாடகக்காரனின் முன்னோர் என்ற உணர்வு அவருக்கு எப்போதும் இருந்தது. 2001-ல் அதே மரபின் மூல நூலான 'லாசரில்யோ'வை எண்பதை நெருங்கிய வயதில் மறுபடி திரைக்குக் கொண்டுவந்து, ஸ்பானியத் திரைக்கலைக் கழகம் வழங்கும் கோயா விருதைத் தழுவல் திரைக்கதைக்காகப் பெற்றார்.

சைக்கிள், பருப்பு, பொய்யான நினைவு

எழுத்தாளராக அவரை நிலைநிறுத்தியது 'லாஸ் பிசிக்லேத்தாஸ் சோன் பாரா எல் வெரானோ' (சைக்கிள் கோடைக்கானது) என்ற நாடகம். 1977-ஆம் ஆண்டுக்கான லோபே தே வேகா பரிசை வென்றது. மேடையேறியது 1982 ஏப்ரலில், மாட்ரிட்டின் தியாத்ரோ எஸ்பஞோலில். ஹோசே கார்லோஸ் பிளாசா இயக்கினார். 1984-ல் ஹைமே சாவர்ரி படமாக்கினார்.

போரைப் பற்றிய நாடகம், ஆனால் போர்முனையே இல்லை. 1936 கோடை, சிறுவன் லூயிஸ் தந்தையிடம் சைக்கிள் கேட்கிறான். தேர்வில் இயற்பியலில் தோற்றுவிட்டான், அதனால் தள்ளிப்போகிறது. போர் வந்துவிடுகிறது, இன்னும் தள்ளிப்போகிறது. பெரிய நிகழ்ச்சிகள் எல்லாம் வீட்டுக்குள் வரும்போது எப்படிச் சிறுத்துப்போகின்றன என்பதே கட்டுமானம். அதன் சிகரம் பருப்புக் காட்சி. முற்றுகையில் சாப்பாடு இல்லை. அடுப்பில் வைத்த மசூர்ப் பருப்பு மேசைக்கு வரும்போது குறைந்திருக்கிறது. யார் எடுத்தது? விசாரித்துப் போனால், சமையலறையைக் கடக்கும்போதெல்லாம் ஆளுக்கு ஒரு கரண்டி எடுத்திருக்கிறார்கள், குடும்பத்தில் எல்லோரும். பசியின் அரசியலை இதைவிடச் சின்னப் பாத்திரத்தில் அடைக்க முடியாது. போர் முடிந்ததும் தந்தை மகனிடம், வந்திருப்பது அமைதி இல்லை, வெற்றி என்று சொல்கிறார். அந்த நேரத்தில் வெளியே சொல்ல முடியாத இந்த வேறுபாட்டை அரங்கம் நாற்பது ஆண்டுகளுக்குப் பிறகுதான் கேட்டது.

நடிகர் எழுதிய நாடகம் என்பது அதன் உடலிலேயே தெரியும். சின்ன வேடத்துக்கும் வந்து போகும் அளவுக்கு ஒரு விருப்பமும் ஒரு சிரிப்பும் உண்டு. வாக்கியங்கள் மூச்சுக்கு அளவானவை. யாரும் தன் துயரத்தை விளக்குவதில்லை. நடிக்கும்போது இது எவ்வளவு உதவும் என்று மேடை ஏறியவர்களுக்குத் தெரியும். இந்த நாடகத்தைப் போடுபவர்கள் செய்யும் பொதுவான பிழை, கடைசியை முன்னமே தெரிந்தவர்களாகத் தொடக்கத்தைச் சோகமாக நடிப்பது. முதல் பாதியில் இவர்களுக்குக் கோடை விடுமுறை மட்டும்தான் தெரியும். அந்த அறியாமையை நம்பி நடிக்காவிட்டால் பருப்புக் காட்சி விழாது.

'எங்கும் போகாத பயணம்' மூன்று ஊடகங்களில் நடந்தது. முதலில் வானொலித் தொடர், பின் 1985-ல் நாவல், 1986-ல் படம். முதியோர் இல்லத்தில் கார்லோஸ் கல்வான் (ஹோசே சக்ரிஸ்தான்) தன் நாடக வாழ்க்கையை மருத்துவரிடம் சொல்கிறான். 1950 வாக்கில் கிராமம் கிராமமாகப் போன கம்பெனி, ஒரு புரொஜெக்டரோடு வரும் படக்காரர் அவர்களுடைய கூட்டத்தைத் திருடுவது, அப்பாவின் 'செஞோரித்தோ', திடீரென்று ஒன்றும் தெரியாத ஒரு மகன் வந்து சேர்வது. பிற்பாடு தான் பெரிய நட்சத்திரமானதாகவும் சொல்கிறான். அந்தப் பகுதி பொய். வேறு யாருக்கோ நடந்ததைத் தனக்கு நடந்ததாக நினைவு வைத்திருக்கிறான். வானொலியில் குரல் சொல்வதை நம்பியே தீர வேண்டும். படத்தில் பொய் நினைவும் கண்ணால் பார்த்ததாகிவிடுகிறது. அதனால் ஏமாற்றம் கனமாக விழுகிறது. சக்ரிஸ்தானின் ஆட்டத்தைப் பார்க்கையில், பெருமைப்படும் இடங்களில் குரல் சற்றே மேடைக்குப் போவதைக் கவனியுங்கள். பொய்யின் அடையாளத்தை இயக்குநர் அங்கே வைத்திருக்கிறார்.

1987-ல் கோயா விருதுகள் முதல்முறையாக வழங்கப்பட்டன. இந்தப் படம் சிறந்த படம், இயக்கம், திரைக்கதை மூன்றையும் பெற்றது. சிறந்த நடிகர் விருதும் ஃபெர்னான் கோமெஸுக்கே, 'மம்ப்ரூ போருக்குப் போனான்' என்ற வேறொரு படத்துக்காக. எழுத்து, இயக்கம், நடிப்பு மூன்றுக்கும் ஒரே மேடையில் ஒருவர் பெயர் படிக்கப்பட்டது. அதே ஆண்டு 'எல் மால் அமோர்' என்ற நாவல் பிளானேத்தா பரிசின் இறுதிச் சுற்றுக்கு வந்தது. 1990-ல் 'எல் தியெம்போ அமரில்யோ' என்ற நினைவுக் குறிப்புகள் இரண்டு தொகுதிகளாக வெளிவந்தன. நடிகர்கள் எழுதும் தன்வரலாறுகளில் பெயர்களும் விருந்துகளும் நிறைந்திருக்கும். இதில் விடுதி அறையின் வாடகை, ஒப்பந்தம் கிடைக்காத மாதங்கள், பாட்டியின் பேச்சு ஆகியவை நிறைந்திருக்கின்றன. 1995-ல் கலைக்கான அஸ்தூரியாஸ் இளவரசர் விருது. 2000 ஜனவரியில் அரச கலைக்கழகத்தில் 'பி' எழுத்து இருக்கையில் அமர்ந்தார்.

கடைசி வேடங்கள்

1990-களில் அவர் ஸ்பெயினின் தாத்தா ஆனார். ஃபெர்னாந்தோ த்ருவேபாவின் 'பெல் எபோக்' (1992) ஆஸ்கர் வாங்கியது. அதில் நான்கு மகள்களின் தந்தையான ஓவியர். ஹோசே லூயிஸ் கார்சியின் 'எல் அபுவேலோ' (1998) கல்தோஸின் நாவலைத் தழுவியது. கண்பார்வை மங்கிய, சொத்திழந்த பிரபு, இரண்டு பேத்திகளில் யார் தன் ரத்தம் என்று அறிய வருகிறார். இங்கே நீண்ட, உயர்ந்த நடையிலான வசனங்கள். தோன் ஆர்த்துரோ தவறிய இடத்தைக் கடப்பது எப்படி என்று இதில் பாடமாகவே எடுக்கிறார். கரகரத்த பெரிய குரலைக் குறைக்கவில்லை. ஆனால் வாக்கியத்தின் நடுவே, யோசிப்பவன் நிறுத்தும் இடத்தில் நிறுத்துகிறார், இலக்கணம் நிறுத்தச் சொல்லும் இடத்தில் அல்ல. இரண்டாவது கோயா நடிகர் விருது இதற்கு.

அடுத்த ஆண்டு இரண்டு சின்ன அற்புதங்கள். அல்மொதோவாரின் 'தோதோ சோப்ரே மி மாத்ரே'யில், மறதி நோய் வந்த தந்தை நாயோடு தெருவில் வருகிறார். பெனெலொப்பே க்ரூஸ் தன் மகள் என்று அடையாளம் தெரியாமல், வயது என்ன, உயரம் என்ன என்று கேட்கிறார். இரண்டே நிமிட வேடம். குயெர்தாவின் 'லா லெங்குவா தே லாஸ் மரிபோசாஸ்' (பட்டாம்பூச்சியின் நாக்கு) 1936-ன் கலிசியாவில் குடியரசு ஆட்சியை ஆதரிக்கும் ஓர் ஆசிரியரையும் ஒரு சிறுவனையும் பற்றியது. முடிவில் கைதியாக லாரியில் ஏற்றப்படும் ஆசிரியரின் மேல் சிறுவனும் கல்லெறிகிறான். நாடகத்தில் தந்தை பேசிய வரலாற்றை இங்கே முகத்தால் மட்டும் சுமக்கிறார்.

புதிதாகத் தொடங்குபவர்கள் இதைத்தான் முதலில் பார்க்கலாம். ஆனால் அன்பான முதியவர் என்ற பிம்பத்தோடு அங்கேயே நின்றுவிடும் அபாயம் உண்டு. அடுத்து நேராக 'லா வீதா போர் தெலாந்தே'க்குப் போய்விட வேண்டும், பிறகு 'தேன்கூட்டின் ஆவி', அதன்பின் 'எங்கும் போகாத பயணம்'. 'எல் முந்தோ சிகே'யைக் கடைசியில் வைப்பது நல்லது. 1950, 60-களின் ஸ்பானியப் படங்களில் குரலைப் பின்னர் ஸ்டூடியோவில் சேர்ப்பது வழக்கம் என்பதை மனத்தில் வைத்தால், உதடும் ஒலியும் சற்று விலகுவது தொந்தரவாக இராது. வசன வரிகளோடு பார்ப்பவர்கள் பருப்புக் காட்சியைச் சாவர்ரியின் படத்தில் பாருங்கள். தந்தையாக வரும் அகுஸ்தீன் கொன்சாலெஸ்தான் 1982-ல் மேடையிலும் அந்த வேடத்தைச் செய்தவர். 'எல் முந்தோ சிகே'யிலும் 'எங்கும் போகாத பயண'த்திலும் அவர் இருக்கிறார். ஃபெர்னான் கோமெஸின் வாக்கியங்களை எப்படிப் பேச வேண்டும் என்று அறிந்த நடிகர்களில் முதலிடம் அவருக்குத்தான்.